பெனான் குடும்பத்தோடு காட்டுக்குள் போகிறவர்களுக்கு

போர்னியோ தீவிலுள்ள மலேசிய மாநிலமான சரவாக்கின் உட்பகுதிப் பள்ளிகளுக்கு மாற்றலாகி வரும் இளம் ஆசிரியர்களில் தீபகற்ப மலேசியாவின் தமிழ்ப் பிள்ளைகளும் உண்டு. யாராவது என் எண்ணைக் கொடுத்திருப்பார்கள், புறப்படும் முன் அழைப்பார்கள். அட்டை கடிக்குமா, ஃபோன் சிக்னல் கிடைக்குமா என்று கேட்பார்கள். சில மாதம் கழித்து மறுபடி அழைக்கும்போது கேள்வி வேறாக இருக்கும்: "டீச்சர், பெனான் பிள்ளைங்க திடீர்னு வாரக்கணக்கில காணாமப் போயிடுறாங்க. அப்பா அம்மா எங்க சுத்துறாங்கன்னும் தெரியல. என்ன செய்றது?" பெனான்கள் சரவாக் மழைக்காட்டின் பூர்வகுடிகள். ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகச் சொல்லிவந்ததை இங்கே சேர்த்து எழுதிவைக்கிறேன்.

பாராம் ஆற்றின் மேற்பகுதியில் ஓர் உறைவிடத் தொடக்கப்பள்ளியில் பல ஆண்டுகள் வேலை பார்த்தேன். விடுமுறைகளில் மாணவர்களின் குடும்பங்கள் காட்டுக்குள் போகும்போது என்னையும் கூட்டிப்போனார்கள். பெனான் மக்களில் பெரும்பாலோர் 1950களிலிருந்து படிப்படியாக ஊர்களில் குடியமர்ந்துவிட்டார்கள். வீடென்று ஒன்று இல்லாமல் முழுக்கக் காட்டிலேயே இடம் மாறி வாழும் குடும்பங்கள் இன்று மிகச் சில. ஆனால் ஊரில் வீடும் நெல்வயலும் உள்ளவர்களும், வேட்டைக்கும் பழத்துக்கும் பிரம்புக்கும் சாகோ என்ற பனைமாவுக்கும் வாரக்கணக்கில் காட்டுக்குள் போய்விடுவார்கள். போனதும் பழைய வாழ்க்கை அப்படியே தொடங்கிவிடும். நான் பார்த்தது அந்த வாழ்க்கையைத்தான்.

'நாடோடி' என்ற சொல்லைக் கேட்டதும் இலக்கில்லாமல் அலைகிறவர்கள் என்ற எண்ணம் நமக்கு வந்துவிடுகிறது. பெனான்கள் அப்படி அலைகிறவர்கள் இல்லை. எந்தச் சரிவில் எந்தச் சாகோப் பனைக் கூட்டம் எப்போது முற்றும் என்று பார்த்து, அதன்படி நடக்கிறவர்கள். இது புரிந்தால் பிள்ளைகள் ஏன் வரவில்லை என்பதும் புரியும்.

அவர்களுடைய சாகோ, மலைச்சரிவில் தூர்தூராக வளரும் ஒரு பனை வகை. உவுட் என்பார்கள். நம் வீட்டுப் பாயசத்தில் போடும் ஜவ்வரிசி சேலம் பக்கத்தில் மரவள்ளிக் கிழங்கிலிருந்து செய்வது. அசல் சாகோ மாவு பனையின் தண்டுக்குள் இருப்பது. பனை பூப்பதற்கு முன்னால் தண்டுச் சோற்றில் மாவு சேர்ந்துகொண்டே வரும். பூத்துக் காய்த்துவிட்டால் அத்தனை மாவையும் பூவும் காயும் இழுத்துக்கொள்ளும், தண்டு வெறும் நாராகிவிடும். ஆகவே சரியான தருணத்தில் வெட்ட வேண்டும். ஒரு தூரில் முற்றிய தண்டை மட்டும் வெட்டி, இளசுகளை விட்டுவிடுவார்கள். அடியிலிருந்து புதுக் குருத்துகள் கிளம்பும். சில வருடம் கழித்து அந்தக் குடும்பமோ அதன் பிள்ளைகளோ திரும்பி வரும்போது அதே தூரில் மறுபடி மாவு இருக்கும். இப்படிப் பார்த்துப் பேணி எடுப்பதை மோலோங் என்கிறார்கள். சாகோத் தூருக்கு மட்டுமில்லை, பழமரம், பிரம்புப் புதர், விஷப்பால் மரம் எல்லாவற்றுக்கும் மோலோங் உண்டு. எது யாருடைய பராமரிப்பில் இருக்கிறது என்று மற்றக் குடும்பங்களுக்கும் தெரியும். மரத்தில் ஓர் அடையாளம் வெட்டியிருப்பார்கள்.

மாவெடுக்கும் வேலையை அருகிருந்து பார்த்தால்தான் அதன் கணக்கு தெரியும். ஆண்கள் தண்டை வெட்டி, முள்ளும் மட்டையும் நீக்கி, துண்டு போட்டு ஓடைக்கரைக்குக் கொண்டுவருவார்கள். நீளவாக்கில் இரண்டாகப் பிளந்ததும் உள்ளே வெளிர்நிறச் சோறு தெரியும். இரண்டு பேர் எதிரெதிரே உட்கார்ந்து மரக்கொட்டாப்புளியால் அந்தச் சோற்றை மாற்றி மாற்றி அடித்து நாராக உதிர்ப்பார்கள். பிறகு பெண்கள் வேலை. ஓடையோரத்தில் கம்புகளால் ஒரு சட்டம் கட்டி, அதன்மேல் பிரம்புப் பாய் ஒன்றை விரித்து, கீழே நெருக்கிப் பின்னிய இன்னொரு பாயைத் தொய்வாகக் கட்டுவார்கள். உதிர்த்த நாரை மேல்பாயில் கொட்டி, தண்ணீர் ஊற்றிக்கொண்டே காலால் மிதிக்க வேண்டும். பால்போன்ற நீர் கீழ்ப்பாயில் இறங்கி, மாவு அடியில் தங்கும். என்னையும் மிதிக்க விட்டார்கள். குதிகால் மட்டும் போட்டால் நார் ஓரத்துக்கு ஒதுங்கிவிடும். முன்பாதத்தால் மடித்து மடித்து உள்ளே தள்ள வேண்டும். அதைப் பக்கத்தில் நின்ற எட்டு வயதுச் சிறுமி தன் காலை என் காலருகே வைத்துக் காட்டிக்கொடுத்தாள். வகுப்பில் அதே சிறுமி வாய் திறக்க மாட்டாள்.

நீரை வடித்தபின் கிடைக்கும் ஈரமாவை முகாமுக்குக் கொண்டுவந்து அடுப்புக்கு மேலுள்ள பரணில் உலர்த்துவார்கள். அந்த மாவைத் தண்ணீரில் கலந்து, தீயில் வைத்துக் கிளறினால் பசைபோல் கண்ணாடி நிறத்தில் திரளும். அதுதான் நாஓ. எல்லோரும் சட்டியைச் சுற்றி உட்கார்ந்து, ஆளுக்கொரு மரக்கவையால் சுருட்டியெடுத்து, இறைச்சி வேகவைத்த சாற்றில் தோய்த்து விழுங்குவார்கள். மெல்லக் கூடாது, அப்படியே விழுங்கவேண்டும். தனியாகச் சாப்பிட்டால் ருசி இல்லை. சாற்றோடு சேரும்போதுதான் ருசிக்கும். முதல் நாள் வயிற்றில் கனமாக இருக்கும் என்பதால் கொஞ்சமாகத் தொடங்குங்கள்.

சுற்றிலும் முற்றிய சாகோவும் வேட்டையும் குறைந்ததும் முகாமை மாற்றுவார்கள். ஒரே இடத்தில் சில வாரங்கள், அதிகம் போனால் ஒன்றிரண்டு மாதம். அதற்குமேல் இருந்தால் இளந்தண்டை வெட்ட வேண்டிவரும். அதை அவர்கள் செய்வதில்லை.

முகாம் போடும் இடம் பெரும்பாலும் மலைமுகடு, ஆற்றங்கரை இல்லை. மேலே எங்கோ மழை பெய்தால் ஓர் இரவில் ஆறு பல அடி ஏறிவிடும். முகட்டில் காற்று இருக்கும், கொசு குறையும். இடத்தைத் தேர்ந்ததும் பெரியவர்கள் முதலில் அண்ணாந்து பார்ப்பார்கள். பட்ட மரமோ முறிந்து தொங்கும் கிளையோ கண்ணில் பட்டால், ஒன்று அதை வெட்டிச் சாய்ப்பார்கள், இல்லையென்றால் வேறு இடம் போவார்கள். மழைக்காட்டில் ஆளைக் கொல்வது பாம்பைவிட விழும் மரம்தான் என்று ஒரு தாத்தா எனக்குச் சொன்னார். நீங்கள் கூடாரம் அடிக்கும்போது செய்யவேண்டிய முதல் வேலையும் இதுதான்: தலைக்குமேல் பாருங்கள், பிறகு கீழே பாருங்கள்.

லாமின் என்ற குடிசையை மதியத்துக்குள் கட்டிவிடுவார்கள். கம்புகளைப் பிரம்பால் கட்டி, தரையிலிருந்து உயர்த்திய மேடை; மேலே விசிறி ஓலைக் கூரை. இன்றைக்குக் கூரையில் தார்ப்பாயும் சேர்ந்துவிட்டது. மேடை ஓரத்தில் மண் பூசிய அடுப்பு இரவெல்லாம் கனன்றுகொண்டிருக்கும். அந்தப் புகை கண்ணை எரிக்கும். ஆனால் அதுதான் கொசுவையும் அகாஸ் என்ற கடிக்கும் சிறு பூச்சியையும் விரட்டுகிறது, பரணிலிருக்கும் இறைச்சியையும் மாவையும் காக்கிறது. புகைக்குப் பயந்து தள்ளிப் படுத்தால் விடியும்போது முகமெல்லாம் தடித்திருக்கும்.

வேட்டையைப் பற்றி எல்லோரும் ஆசையாகக் கேட்பார்கள். நான் பெண்களோடு இருந்தவள், பார்த்தது குறைவு. ஊதுகுழலைக் கெலெபுட் என்பார்கள். ஓர் ஆள் உயரத்துக்கு மேலிருக்கும் கெட்டி மரத்தை இரும்புக் கம்பியால் நாள்கணக்கில் துளைத்துச் செய்வது. நுனியில் ஈட்டி முனை கட்டியிருக்கும். அம்பில் தடவும் தாஜெம் விஷம் ஒரு காட்டு மரத்தின் பாலைத் தீயில் காய்ச்சி எடுப்பது. இரத்தத்தில் கலந்தால் இதயத்தை நிறுத்தும். குழலில் சத்தமில்லாததால் ஒரு குரங்கு விழுந்தாலும் மற்றவை உடனே ஓடுவதில்லை. துப்பாக்கிக்கு இந்த வசதி கிடையாது. உங்களுக்கான பாடம் ஒன்றே: அம்புக்கூட்டைத் தொடாதீர்கள், விரலில் கீறல் இருந்தால் பக்கத்திலும் போகாதீர்கள். காட்டுப்பிள்ளைகள் யாரும் தொடுவதில்லை.

அவர்களுக்கு மிகப் பிரியமானது தாடிப்பன்றி இறைச்சி. காட்டு மரங்கள் ஒரே சமயத்தில் காய்த்துக் கொட்டும் வருடங்களில் பன்றிகள் கூட்டம் கூட்டமாக இடம்பெயரும், ஆற்றை நீந்திக் கடக்கும். 2021-ல் ஆப்பிரிக்கப் பன்றிக் காய்ச்சல் போர்னியோவுக்கு வந்து காட்டுப்பன்றிகளையும் கொன்றபோது அவர்கள் இழந்தது முக்கியமான ஒரு உணவை. அந்தச் செய்தி நகரங்களில் பண்ணைக்காரர்களின் கவலையாக மட்டுமே பேசப்பட்டது எனக்கு இன்றும் ஆறவில்லை.

இனி முக்கியமான விஷயம், பங்கு. வேட்டை வந்ததும் இறைச்சியை ஓலையில் கூறு கூறாக வைப்பார்கள். வேட்டையாடியவர் தன் கூறைப் பெரிதாக வைத்துக்கொள்வதில்லை. முகாமில் எத்தனை அடுப்பு உண்டோ அத்தனை கூறு. சிறு பறவை ஒன்று கிடைத்தாலும் இதே முறைதான். ஒருமுறை நான் கொண்டுபோன பிஸ்கட் டின்னை மூத்த பாட்டி ஒருவர் வாங்கி, இலைகளை வரிசையாகப் போட்டு, முதுகில் தூங்கும் கைக்குழந்தையையும் என்னையும் கணக்கில் சேர்த்துப் பிரித்தார். மிஞ்சிய இரண்டு பிஸ்கட்டை உடைத்து ஒவ்வொரு இலையிலும் ஒரு துணுக்கு வைத்தார். யாரும் என்னைப் பார்த்து நன்றி சொல்லவில்லை, சொல்லவேண்டிய அவசியமும் இல்லை. பங்கு என்பது அங்கே கொடை கிடையாது, இருப்பவர் எல்லோருக்கும் உள்ள உரிமை.

ஆகவே எதைக் கொண்டுபோனாலும் பொதுவில், மூத்தவர் கையில் கொடுங்கள். நன்றாகப் படிக்கும் பிள்ளைக்குத் தனியாக மிட்டாய் கொடுப்பது உங்களுக்கு அன்பு. அந்தப் பிள்ளைக்குச் சங்கடம். அவன் அதை உங்கள் கண்முன்னேயே ஏழாக உடைப்பான். மறைத்துவைத்துத் தின்பதுதான் அங்கே பெரிய குற்றம். உங்கள் பையில் சாக்லேட் இருந்து, அதை இரவில் போர்வைக்குள் தின்றால், காலையில் முகாமுக்கே தெரிந்திருக்கும். யாரும் எதுவும் சொல்ல மாட்டார்கள். அடுத்த முறை அழைக்க மாட்டார்கள், அவ்வளவுதான்.

யாரும் எதுவும் சொல்லாமல் விலகுவது வகுப்பறைக்கும் பொருந்தும். பெனான் வீடுகளில் பிள்ளைகளை அதட்டும் சத்தத்தை நான் கேட்டதே இல்லை. சண்டை மூண்டால் எதிர்த்துக் கத்துவதைவிட ஒதுங்கிப்போவதுதான் அவர்கள் வழக்கம். நம் ஊர்ப் பள்ளிக்கூடக் குரலில் "எழுந்து நில்லு!" என்று ஓர் அதட்டல் போட்டால், அன்றிரவே அந்தப் பிள்ளை விடுதியிலிருந்து கிளம்பிக் காட்டு வழியாக வீட்டுக்கு நடந்துவிடும். வருகைப் பதிவில் அது 'ஒழுங்கீனம்' என்று ஏறும். மேலதிகாரிகள் சிலர் கூட்டங்களில் 'சோம்பேறி ஜனம்' என்று சொல்லக் கேட்டிருக்கிறேன். ஒரு சாகோத் தண்டை மாவாக்கும் உழைப்பைப் பக்கத்தில் நின்று பார்த்த எவராலும் அந்த வார்த்தையை உச்சரிக்க முடியாது.

காணாமல் போகும் பிள்ளைகளுக்கு எனக்குப் பலன் தந்த வழி ஒன்றைச் சொல்கிறேன். நாள்களை எண்ணப் பிரம்பில் முடிச்சுப் போடுவது இந்தத் தீவின் பழைய வழக்கம். சந்திப்புக்கு எத்தனை இரவு உண்டோ அத்தனை முடிச்சு, தினம் ஒன்றை அவிழ்ப்பார்கள். சரவாக்கை முன்பு ஆண்ட ஆங்கிலேயரான புரூக் ராஜாக்கள் காலத்திலிருந்து, அரசு அதிகாரி முன்னிலையில் தாமு என்ற சந்தையும் இப்படிக் குறித்த நாளில்தான் கூடிவந்தது. காட்டிலிருந்து பிரம்புப் பாயும் குங்கிலியமும் கொண்டுவந்து உப்பும் துணியும் இரும்பும் வாங்கிப்போவார்கள். விடுமுறைக்கு முன் பெற்றோரிடம் அச்சடித்த அட்டவணையைக் கொடுப்பதோடு, பள்ளி திறக்கும் நாளுக்கான முடிச்சையும் ஒரு மூத்தவரோடு சேர்ந்து போட்டுக் கொடுத்தேன். தாள் மழையில் கரைந்துபோனது. முடிச்சுப் போட்டுக் கொடுத்த குடும்பங்களின் பிள்ளைகள் பெரும்பாலும் நாள் தவறவில்லை.

பெயர் எழுதும்போதும் கவனம் வேண்டும். இறந்தவரின் பெயரை அவர்கள் உச்சரிப்பதில்லை. நெருங்கிய உறவினர் இறந்தால் உயிரோடு இருப்பவர்களின் அழைப்புப் பெயரும் மாறும். போன வருடம் பதிவேட்டில் எழுதிய அப்பாவின் பெயரை இந்த வருடம் சொல்லிக் கூப்பிட்டால் யாரும் திரும்பிப் பார்க்காமல் இருக்கலாம். அடையாள அட்டையில் உள்ள பெயரையும் வீட்டில் அழைக்கும் பெயரையும் தனித்தனியாகக் குறித்துவையுங்கள். "உன் அண்ணன் பேரு என்ன?" என்று பிள்ளையைத் துருவாதீர்கள், அந்த அண்ணன் உயிரோடு இல்லாமல் இருக்கக்கூடும். பிறப்புச் சான்றிதழே இல்லாத பிள்ளைகளும் பலர். காட்டில் பிறந்து, பதிவு அலுவலகம் நாள்கணக்குத் தொலைவில் இருந்தால் வேறு என்ன நடக்கும்? அந்தக் காகிதம் இல்லாமல் இடைநிலைப் பள்ளியும் மருத்துவமனையும் கஷ்டம். ஆசிரியர் செய்யக்கூடிய மிகப் பெரிய உதவி அந்தக் காகிதத்துக்குப் பின்னால் ஓடுவதுதான் என்பேன்.

காட்டுப்பாதையில் ஓரோ என்று சொல்லப்படும் குச்சிக் குறிகளைப் பார்ப்பீர்கள். வெட்டிய குச்சியை ஒரு திசையில் சாய்த்து நட்டு, பிளவில் இலையைச் செருகியிருப்பார்கள். முன்னால் போனவர்கள் எந்தப் பக்கம் போனார்கள், பசியோடு இருக்கிறார்களா, பின்னால் வருபவர்கள் விரைந்து வரவேண்டுமா என்பதெல்லாம் அதில் இருக்கும். அழகாக இருக்கிறதே என்று எடுத்துவிடாதீர்கள். யாருக்கோ எழுதிய கடிதம் அது. வழி கேட்கும்போது இடது, வலது என்று கேட்காமல் ஆற்றுக்கு மேலேயா கீழேயா, எந்த ஓடையைத் தாண்டி என்று கேளுங்கள். ஒவ்வொரு சிற்றோடைக்கும் பெயர் உண்டு. அங்கே நின்ற மரம், அங்கே நடந்த சம்பவம், அங்கே வாழ்ந்த மனிதர் என்று அந்தப் பெயர்களுக்குள் அவர்களுடைய வரலாறே இருக்கிறது.

அந்த வரலாறு சட்டத்தின் கண்ணுக்குத் தெரியவில்லை என்பதுதான் வேதனை. 1958-ஆம் ஆண்டின் சரவாக் நிலச் சட்டப்படி, அந்த வருடம் ஜனவரி 1-க்கு முன் காட்டை வெட்டிப் பயிர்செய்த நிலத்துக்குத்தான் மரபுரிமை கோருவது சுலபம். காட்டை வெட்டாமல், முற்றிய தண்டை மட்டும் எடுத்துக்கொண்டு நகர்ந்த மக்கள் எந்தத் தழும்பைச் சான்றாகக் காட்டுவார்கள்? 1970களிலும் 80களிலும் மரம் வெட்டும் கம்பெனிகள் பாராம், லிம்பாங் பகுதிகளுக்குள் நுழைந்தன. ஆறுகள் கலங்கின, மீன் குறைந்தது, சாகோச் சரிவுகளில் புல்டோசர் பாதைகள் விழுந்தன. 1987-ல் பெனான்கள் மரம் ஏற்றும் சாலைகளில் குடும்பத்தோடு உட்கார்ந்து மறித்தார்கள். அதே ஆண்டு மறியலைக் குற்றமாக்கும் திருத்தம் சரவாக் வனச் சட்டத்தில் வந்தது. பலர் கைதானார்கள். பிறகு ஊர் ஊராக நடந்து, ஓடைகளையும் சாகோத் தூர்களையும் தாஜெம் மரங்களையும் முன்னோர் புதைத்த இடங்களையும் தாங்களே குறித்து வரைபடங்கள் தயாரித்தார்கள். வகுப்பில் நிலப்படம் கற்பிக்கும்போது உலக வரைபடத்தோடு தொடங்காமல், பிள்ளைகளைத் தங்கள் ஓடைகளை வரையச் சொல்லுங்கள். வாய் திறக்காத பிள்ளைகள் அன்று பேசுவார்கள்.

சாமான்கள் பற்றிக் கொஞ்சம். தீபகற்பத்து மலேசியர்களுக்கும் சரவாக்கில் தனிக் குடிநுழைவு அனுமதி உண்டு. வேலைக்கான காகிதங்கள் கையில் இல்லாமல் கிளம்பாதீர்கள். விலையுயர்ந்த மலையேறும் பூட்ஸ் வேண்டாம், தண்ணீர் குடித்துக் கனத்துவிடும். எல்லோரும் 'கம்போங் அடிடாஸ்' என்று சொல்லும் கறுப்பு ரப்பர் காலணி பாசாரில் மலிவாகக் கிடைக்கும், வழுக்காது, உடனே காயும். நடக்க ஓர் ஈரத் துணி, தூங்க ஓர் உலர்ந்த துணி. உலர்ந்ததை என்ன ஆனாலும் நடைக்குப் போடக் கூடாது. அட்டை முதலில் போகிறவரைவிட இரண்டாவது, மூன்றாவது ஆளைத்தான் அதிகம் பிடிக்கும். நெருங்கி நடந்து, நிற்காமல் போங்கள். ஓடைத் தண்ணீர் எவ்வளவு தெளிவாக இருந்தாலும் கொதிக்கவைத்துக் குடியுங்கள். படம் எடுக்கும் முன் கேளுங்கள். குளிக்கும் இடத்தில் கேமராவே வேண்டாம். மிருகத்தைக் கேலி செய்து சிரிக்காதீர்கள். இன்று பெரும்பாலோர் கிறிஸ்தவர்களாகிவிட்டாலும், அப்படிச் சிரித்தால் இடியும் புயலும் வரும் என்ற அச்சம் பெரியவர்களிடம் இருக்கிறது.

கொண்டுபோகத் தக்கவை உப்பு, அரிசி, டார்ச் பேட்டரி, தூண்டில் நரம்பு, சாணைக்கல். எல்லாம் பங்கிடக்கூடியவை அல்லது முகாமுக்கே பொதுவாகப் பயன்படுபவை. மீரி நகரிலிருந்து உள்ளே போகும் ட்வின் ஆட்டர் விமானத்தில் பத்தொன்பது பேர்தான் உட்காரலாம். பையோடு உங்களையும் எடை போடுவார்கள். உடுப்பைக் குறைத்து, அந்த இடத்தில் உப்புப் பொட்டலங்களை வையுங்கள்.